வடசென்னையிலிருந்து கிராண்ட்மாஸ்டர்: பணமா, விடுப்பா?

13 டிசம்பர் 2024: வாசகர் கேள்வி

நேற்று சிங்கப்பூரில் குகேஷ் உலக செஸ் சாம்பியன் ஆனார். சென்ற மாதம் அமெரிக்காவில் நடந்த உலகக் கேரம் போட்டியில் நம் புது வண்ணாரப்பேட்டை காசிமா மூன்று தங்கம் வென்றார். கேரமும் பலகை ஆட்டம், செஸ்ஸும் பலகை ஆட்டம். கேரம் சாம்பியன்களைத் தரும் நம் தெருக்கள் கிராண்ட்மாஸ்டர்களைத் தராததற்குப் பணத்தைத் தவிர வேறு காரணம் இருக்க முடியுமா? இது வசதி படைத்தவர்களின் ஆட்டம் என்று ஒப்புக்கொண்டு விட்டுவிடலாமே.

13 டிசம்பர் 2024, இரவு

பணம் என்பது பாதி விடை. மீதிப் பாதியை நான் சொல்ல முடியும். ஏனென்றால் பெரம்பூரில் குடியிருந்துகொண்டு, ஒரு தொழிற்சாலையின் பண்டகசாலையில் வேலை பார்த்துக்கொண்டு, 1998 முதல் 2007 வரை ஒன்பது ஆண்டுகள் என் மகனைப் போட்டி போட்டியாக அழைத்துச் சென்றவன் நான். அவன் 2218 ரேட்டிங்குடன் (ஆட்டத் திறனைக் காட்டும் புள்ளி) நின்றுவிட்டான். கிராண்ட்மாஸ்டர் ஆனவர்களைப் பற்றி எல்லோரும் எழுதுகிறார்கள், நின்றுபோனவர்களைப் பெற்றவர்கள் எழுதுவதில்லை.

முதலில் கிராண்ட்மாஸ்டர் என்ற, செஸ்ஸின் மிக உயர்ந்த பட்டத்தின் கணக்கு. ரேட்டிங் ஒருமுறையாவது 2500 புள்ளியைத் தொட வேண்டும். அதோடு மூன்று நார்ம் வேண்டும். நார்ம் என்பது குறைந்தது ஒன்பது சுற்று கொண்ட ஒரு போட்டியில் 2600 தரத்துக்கு ஆடிக் காட்டுவது. எதிராளிகளின் சராசரி ரேட்டிங் 2380 என்றால் ஒன்பதுக்கு ஏழு புள்ளி எடுக்க வேண்டும். சராசரி 2475க்கு ஏறிவிட்டால் ஆறு போதும். எதிராளிகளில் குறைந்தது மூன்று பேர் கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். நம் நாட்டைத் தவிர இன்னும் இரண்டு நாட்டுக்காரர்களாவது எதிரே உட்கார்ந்திருக்க வேண்டும். இந்தியாவின் மிக இளைய கிராண்ட்மாஸ்டரான பிரக்ஞானந்தா 2018 இல் இத்தாலியின் ஓர்டிசெய் ஊரில் இந்தக் கணக்கை முடித்தபோது அவருக்குப் பன்னிரண்டு வயது. இந்தச் சட்டத்தைத் தவிர பட்டத்துக்கு வேறு வழி கிடையாது.

கேரமுக்கும் செஸ்ஸுக்கும் உள்ள வேறுபாடு இங்கேதான் இருக்கிறது. எங்கள் பக்கத்து மன்றத்தில் மாலை ஆறு மணிக்கு மேல் மஞ்சள் பல்பின் கீழ் போரிக் பவுடர் தூவிய பலகையில் ஆடும் பையனுக்கு, எதிரே யார் நிற்கிறாரோ அவரை வென்றால் போதும். அவருடைய ரேட்டிங் என்ன, எந்த நாட்டுக்காரர் என்று எவரும் கேட்பதில்லை. செஸ்ஸில் அதே திறமையுள்ள பையன், தன்னைவிட வலுவானவர்கள் காகிதத்தில் பதிவாகியிருக்கும் இடத்துக்குப் போய் உட்கார வேண்டும். ஒரு போட்டிக்கு ஒரு வாரம் ஆகும். அவனைக் கூட்டிக்கொண்டு யார் போவது?

14 டிசம்பர் 2024

"கணக்கு வைத்திருந்தீர்களா" என்று ஒருவர் கேட்டிருக்கிறார். வைத்திருந்தேன். நீள வாக்கில் மடித்த நாற்பது பக்க நோட்டு. இடப்பக்கம் செலவு, வலப்பக்கம் விடுப்பு. நேற்றிரவு பரணிலிருந்து இறக்கிப் பார்த்தேன். இடப்பக்கத்தில் நுழைவுக் கட்டணம், ரயில், லாட்ஜ், இட்லி என்று எழுதி, அடிக்கடி சிவப்பு மையில் "கைமாற்று" என்று குறித்திருக்கிறேன். எல்லாவற்றையும் எப்படியோ அடைத்திருக்கிறேன். அடைபடாதது வலப்பக்கம்தான். ஆண்டுக்குப் பன்னிரண்டு நாள் தற்செயல் விடுப்பு பிப்ரவரியிலேயே தீர்ந்துவிடும். அதன் பிறகு ஈட்டிய விடுப்பு, அதுவும் போனால் சம்பளமில்லா விடுப்பு. சம்பளமில்லா விடுப்பு நாளில் கைமாற்றும் கூடும் என்பதால் இரண்டு பக்கமும் ஒன்றையொன்று தின்னும்.

குகேஷின் தந்தை காது மூக்குத் தொண்டை மருத்துவர். மகனோடு பயணம் செய்வதற்காகவே தொழிலை நிறுத்தி வைத்தவர். வீட்டின் வருமானத்தைத் தாய் பார்த்துக்கொண்டார். பிரக்ஞானந்தாவுக்கும் அவருடைய அக்கா வைஷாலிக்கும் துணையாகத் தாய் நாடு நாடாகப் போனார். வெளிநாட்டு விடுதி அறையிலும் பிள்ளைகளுக்குச் சோறும் ரசமும் வைத்துக்கொடுக்கக் குக்கரோடு போனவர் என்பது ஊரறிந்த செய்தி. இரண்டு வீடுகளும் கோடீஸ்வரர் வீடுகள் அல்ல. ஆனால் இரண்டு வீடுகளிலும் ஒரு பெரியவர் பல ஆண்டுகள் தம் நேரத்தை முழுமையாக ஒதுக்கிக்கொடுக்க முடிந்தது. கொருக்குப்பேட்டையிலோ வியாசர்பாடியிலோ இரண்டு பேரும் வேலைக்குப் போனால்தான் மாதம் ஓடும் வீட்டில் அந்தப் பெரியவர் யார்?

15 டிசம்பர் 2024

பாடி வடசென்னையில் சேருமா சேராதா என்று பதினேழு பேர் சண்டை போட்டிருக்கிறீர்கள். என் அனுபவத்தில் வடசென்னையின் எல்லை, வெள்ளம் வந்தால் பேசின் பாலத்தோடு முடிந்துவிடும். கோப்பை வந்தால் பாடி மேம்பாலத்தைத் தாண்டி முகப்பேர் வரை நீளும். பிரக்ஞானந்தாவும் வைஷாலியும் பாடி வீட்டில் வளர்ந்தவர்கள். உலகிலேயே அண்ணன் தங்கை, அக்கா தம்பி என்று எந்த வகையிலும் உடன்பிறந்த ஆணும் பெண்ணும் கிராண்ட்மாஸ்டர் ஆனது அந்த வீட்டில்தான் முதல்முறை. உங்களுக்கு வேண்டுமானால் சேர்த்துக்கொள்ளுங்கள். எனக்கு ஆட்சேபம் இல்லை.

18 டிசம்பர் 2024

திருத்தம். 13ஆம் தேதி எழுதியதில் பிரக்ஞானந்தாவை இந்தியாவின் மிக இளைய கிராண்ட்மாஸ்டர் என்று சொல்லிவிட்டேன். அவர் அந்தப் பட்டத்தைப் பெற்றபோது 12 ஆண்டு, 10 மாதம், 13 நாள். 2019 ஜனவரியில் குகேஷ் 12 ஆண்டு, 7 மாதம், 17 நாளில் அதை முறியடித்துவிட்டார். உலக அளவில் 2021 இல் அமெரிக்காவின் அபிமன்யு மிஸ்ரா 12 ஆண்டு, 4 மாதம், 25 நாளில் பெற்றார். சுட்டிக்காட்டியவர் நான்காம் வகுப்பு மாணவி, என் பேத்தி.

இன்னொன்றும் அவளே கேட்டாள்: "தாத்தா, வெளிநாடு போனால்தான் நார்ம் என்று எழுதியிருக்கிறீர்கள், குகேஷ் கடைசி நார்மை டெல்லியில்தானே எடுத்தார்?" உண்மை. 1988 இல் ஆனந்த் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனதும் வெளிநாட்டில் அல்ல, கோவையில் நடந்த போட்டியில். வெளிநாட்டவர்கள் நம் ஊருக்கு வந்தாலும் சட்டம் நிறைவேறிவிடும். நான் அப்படியே எழுதவில்லை என்றாலும் அப்படிப் படிக்கும்படி எழுதியிருக்கிறேன். ஆனால் டெல்லியானாலும் கோவையானாலும் ஒரு வாரம் ஒரு வாரம்தான்.

22 டிசம்பர் 2024

குகேஷ் உலக சாம்பியன் ஆன அந்தப் பதினான்காவது, கடைசி ஆட்டத்தைப் பற்றி எழுதாமல் இருக்க முடியவில்லை. 6.5–6.5 என்று சமநிலை. அதுவரை சாம்பியனாக இருந்த சீனாவின் டிங் லிரென் வெள்ளை. இருவரிடமும் ஒரு யானை, ஒரு மந்திரி; குகேஷுக்கு இரண்டு சிப்பாய்கள், டிங்குக்கு ஒன்று. சிப்பாய்கள் எல்லாமே ஒரே பக்கத்தில். பார்த்துக்கொண்டிருந்த எல்லோரும் டிரா என்று சொல்லிவிட்டு மறுநாள் துரித ஆட்டங்களைப் பற்றிப் பேசத் தொடங்கியிருந்தார்கள். குகேஷ் மட்டும் எழுந்துபோகவில்லை. 55ஆவது நகர்வில் டிங் தன் யானையை எஃப்2 கட்டத்தில் வைத்து மாற்றிக்கொள்ள அழைத்தார். யானைகள் மாறின. உடனே குகேஷ் தன் மந்திரியை டி5இல் வைத்தார். டிங்கின் மந்திரி ஏ8 மூலையில் கிடந்ததால் ஒதுங்க இடமில்லை, மந்திரிகளும் மாறியாக வேண்டும். பலகையில் எஞ்சியது ராஜாக்களும் சிப்பாய்களும் மட்டும்; அது வெற்றி. 58ஆவது நகர்வில் முடிந்தது. 7.5–6.5. காஸ்பரோவ் 1985 இல் 22 வயதில் சாம்பியன் ஆனார், இவருக்கு 18.

இதைப் பார்த்துக்கொண்டிருந்தபோது நான் சிங்கப்பூரில் இல்லை, 2007 கோவையில் இருந்தேன். ஒன்பதாவது சுற்று. என் மகனின் எதிராளிகளின் சராசரி 2330. ஆறு புள்ளி எடுத்தால், கிராண்ட்மாஸ்டருக்கு அடுத்த கீழ்ப்படியான இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டத்துக்கு ஒரு நார்ம். அவனிடம் ஐந்து இருந்தது, வென்றால் ஆறு. பெற்றோரைக் கூடத்துக்குள் விடமாட்டார்கள். ஆனால் ஜன்னல் வழியாக நான்காவது மேசை தெரியும். யானைக்கு யானை, மகனுக்குக் கூடுதலாக இரண்டு சிப்பாய்கள், எஃப் வரிசையில் ஒன்று, எச் வரிசையில் ஒன்று. எதிராளியிடம் சிப்பாயே இல்லை. நான் வேப்பமரத்தடிக்குப் போய் வீட்டுக்குத் தொலைபேசியில் சொல்லிவிட்டேன்.

அந்த ஒன்பது ஆண்டுகளில் முடிவை அவன் வாயால் கேட்டதே கிடையாது. வெளியே வரும்போது பேனா எங்கே இருக்கிறது என்று பார்ப்பேன். சட்டைப் பையில் இருந்தால் வெற்றி. கையில் இருந்தால் தோல்வி. அன்று பேனா கையில் இருந்தது. டிராவுக்கு ஒப்புக்கொண்டிருந்தான்.

ரயிலில் நான் ஒரே ஒரு வாக்கியம் சொன்னேன்: "ரெண்டு சிப்பாய் கூட இருந்ததேடா." அரக்கோணம் தாண்டும்வரை அவன் பதில் சொல்லவில்லை, அதன் பிறகும் சொல்லவில்லை. அதுதான் அவன் ஆடிய கடைசிப் போட்டி. இரண்டு சிப்பாய் கூடுதலாக இருக்கும்போது கை கொடுத்துவிடும் மனமும், ஒரே ஒரு சிப்பாய் கூடுதலாக இருக்கும்போது உலகமே டிரா என்று சொன்னாலும் உட்கார்ந்திருக்கும் மனமும் வேறு வேறு. கிராண்ட்மாஸ்டரைப் பிரிக்கும் கோடு அதுதான் என்று இத்தனை ஆண்டுகளாக நினைத்துவந்தேன்.

23 டிசம்பர் 2024

அப்படியானால் விடுப்பு என்று சொன்னது என்ன ஆயிற்று, மனம்தான் காரணமா என்று கேட்டிருக்கிறீர்கள். யோசிக்கிறேன்.

5 ஜனவரி 2025

நோட்டோடு சேர்த்து அந்த ஆட்டத்தின் தாளும் கிடைத்தது. கார்பன் பிரதி, ஊதா மை மங்கியிருந்தது. பேத்தி கடைசி நிலையைத் தொலைபேசியில் உள்ள செஸ் எஞ்சினில் (நிலையை அலசிச் சொல்லும் நிரல்) அடுக்கினாள். பூஜ்யம், அதாவது சமநிலை என்று காட்டியது. நான் காய்களை மாற்றி வைத்துவிட்டாள் என்று நினைத்து மறுபடியும் அடுக்கச் சொன்னேன். மறுபடியும் பூஜ்யம்.

யானை முடிவாட்டத்தில் எஃப் சிப்பாயும் எச் சிப்பாயும் இரண்டுமே கூடுதலாக இருந்தும் சரியாகத் தடுத்தால் பெரும்பாலும் டிராதான் என்பது செஸ் படித்தவர்களுக்குப் பழைய பாடமாம். எனக்குத் தெரியாது. நான் காய்களை எண்ணத் தெரிந்தவன், நிலையைப் படிக்கத் தெரிந்தவன் அல்லன். பண்டகசாலைப் பழக்கம், இருப்பு கூடுதலாக இருந்தால் லாபம் என்று நினைத்துவிட்டேன். மகனுக்கு அந்தப் பாடம் அன்றே தெரிந்திருக்கிறது. பதினேழு ஆண்டுகள் நான் ஒரு தவறான கணக்கை வைத்துக்கொண்டு அவனைப் பார்த்திருக்கிறேன்.

6 ஜனவரி 2025

"குகேஷின் நிலையும் எஞ்சினுக்கு டிராதான், ஆடியதால்தான் டிங் தவறினார், உங்கள் மகனும் ஆடிப் பார்த்திருக்கலாம்" என்று எழுதியவருக்கு: இருக்கலாம். ஆனால் 2022 மாமல்லபுரம் செஸ் ஒலிம்பியாடில் நான் பத்தாவது சுற்றைப் பார்க்கப் போயிருந்தேன். முதல் எட்டு ஆட்டங்களையும் தொடர்ந்து வென்றிருந்த குகேஷ், அன்று உஸ்பெகிஸ்தானின் அப்துசத்தோரோவுக்கு எதிராக வெல்லும் நிலையில் இருந்தார்; விடாமல் அழுத்தினார்; தோற்றார். இந்திய 'பி' அணிக்குத் தங்கம் கைநழுவி வெண்கலம் வந்தது. அன்று அவர் முகத்தைப் புதைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். விடாமல் உட்கார்ந்திருப்பதன் விலை அது. அந்த விலையைக் கொடுத்துவிட்டு அடுத்த மாதமே வேறொரு போட்டிக்கு ரயிலோ விமானமோ ஏற முடிந்தால்தான் அந்தக் குணம் வளரும். ஆண்டுக்கு மூன்று போட்டி மட்டுமே ஆட முடிகிற பையன் எல்லா ஆட்டத்தையும் கடைசி ஆட்டமாகவே ஆடுவான்.

3 பிப்ரவரி 2025

நெதர்லாந்தின் வைக் ஆன் சீ ஊரில் நடந்த செஸ் போட்டியில் நேற்று குகேஷும் பிரக்ஞானந்தாவும் கடைசிச் சுற்றில் இருவருமே தோற்று, 8.5 புள்ளியில் சமமாகி, பிறகு மின்னல் ஆட்டங்களில் பிரக்ஞானந்தா வென்றார். சென்னைப் பையன்கள் இருவர் கோப்பைக்கு மோதியதை நள்ளிரவு வரை பார்த்தேன். இன்று மதியம் தூங்கிவிட்டேன். வேறு செய்தி இல்லை.

9 பிப்ரவரி 2025

மானுவல் ஆரோனின் காலத்தில் எந்த வசதி இருந்தது என்ற கேள்வி நியாயமானது. 1961 இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர். ஒன்பது முறை தேசிய சாம்பியன். 1962 ஸ்டாக்ஹோமில் உலகின் முன்னணி வீரர்களான போர்ட்டிஷையும் ஊல்மனையும் வென்றவர். அவருக்குப் பிறகு ஆனந்த் 1988 இல் கிராண்ட்மாஸ்டர் ஆகும்வரை இருபத்தேழு ஆண்டுகள் ஆயின. அந்த இடைவெளியில் நடந்த உருப்படியான காரியம் 1972 இல் சோவியத் கலாசார மையத்தில் ஆரோன் தொடங்கிய தால் செஸ் கிளப்.

நானும் எண்பதுகளில் அங்கே சில மாலைகள் போயிருக்கிறேன். தோற்றவன் எழுந்துகொள்ள வேண்டும், வென்றவன் தொடர்ந்து ஆடலாம் என்பது முறை; ஆகவே நான் பெரும்பாலும் நின்றுகொண்டிருந்தேன். அங்கே சிறுவன் ஆனந்தை நேரில் பார்த்ததாகச் சொல்பவர்கள் எல்லோரும் உண்மையிலேயே பார்த்திருந்தால் அந்தக் கூடம் கொள்ளாது. நான் பார்க்கவில்லை. எனக்கு நினைவிருப்பது திரும்பி வரும் வழிதான். ஆழ்வார்பேட்டையிலிருந்து இரண்டு பேருந்து மாறிப் பெரம்பூர் வந்து சேர்வதற்குள் ஒன்பதரை ஆகிவிடும். காலை ஷிப்டுக்கு ஐந்து மணிக்கு எழ வேண்டும். நாலாவது வாரத்தோடு நிறுத்திக்கொண்டேன். அந்தக் கிளப் ஓட்டேரியில் இருந்திருந்தால் என்று அப்போது தோன்றியது. நான் கிராண்ட்மாஸ்டர் ஆகியிருப்பேன் என்று சொல்லவில்லை; இன்னும் கொஞ்சம் உட்கார்ந்திருப்பேன்.

16 பிப்ரவரி 2025

கிராண்ட்மாஸ்டர் அரவிந்த் சிதம்பரத்தை மறந்துவிட்டீர்களே என்று மதுரைக்காரர் ஒருவர் கோபித்துக்கொண்டார். கோபம் சரியானது, என் வாதத்தில் ஓட்டை போடுகிறவர் அவர்தான். சிறு வயதிலேயே தந்தையை இழந்தவர். காப்பீட்டு முகவராக உழைத்த தாய் வளர்த்தார். ஆட்டத்தைக் கற்றுக்கொடுத்தவர் தாத்தா. 2013 இல் பதினான்கு வயதில் சென்னை கிராண்ட்மாஸ்டர் ஓபனை வென்றார். 2018, 2019 என்று இரண்டு முறை தேசிய சாம்பியன். அந்த வீட்டில் வேலையை நிறுத்திவைக்கக்கூடிய பெரியவர் இல்லை. அவர் சென்னைக்கு வந்தார், ஆர்.பி. ரமேஷ் என்ற பயிற்சியாளரும், போட்டிகளுக்குப் போக அனுமதித்த பள்ளியும் கிடைத்தன. ஆக, பெரியவர் வீட்டுக்குள்ளேதான் இருக்க வேண்டும் என்பதில்லை என்று திருத்திக்கொள்கிறேன்.

என் மகனின் பள்ளியில் நடந்ததைச் சொல்கிறேன். பள்ளியின் பெயர் வேண்டாம். மாநிலப் போட்டிக்காக எட்டு நாள் விடுப்பு கேட்டபோது, "விளையாட்டு என்றால் வேர்வை வர வேண்டும்" என்று சொல்லிக் கடிதத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். காய்ச்சல் என்று மருத்துவச் சான்று வாங்கிக் கொடுத்துத்தான் கூட்டிப்போனேன். வென்ற கோப்பையைப் பள்ளியில் காட்ட முடியவில்லை, காய்ச்சலில் படுத்திருந்தவனாயிற்றே.

2 மார்ச் 2025

மூன்றாவது நார்முக்காகக் காத்திருந்த ஷ்யாம்நிகிலைப் பற்றி யாராவது எழுதுவார்கள் என்று பார்த்தேன். 2012 இலேயே அவருக்கு 2500 ரேட்டிங்கும் இரண்டு நார்மும் கிடைத்துவிட்டன. மூன்றாவது 2024 இல் துபாயில் கிடைத்தது. பன்னிரண்டு ஆண்டுகள். இந்தியாவின் 85ஆவது கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அவருக்கு வயது 31. பட்டம் வாங்கிய வயதை நாள் கணக்கில் போட்டுக் குழந்தைகளைக் கொண்டாடும் நாம், இந்தக் கணக்கையும் எங்காவது எழுதிவைக்க வேண்டும். குகேஷ் பிறந்து கிராண்ட்மாஸ்டர் ஆக எடுத்துக்கொண்ட காலம் கிட்டத்தட்ட இவர் ஒரே ஒரு நார்முக்குக் காத்திருந்த காலம்.

29 ஜூலை 2025

மறுபடியும் திருத்தம், இந்த முறை பெரியது. "இந்தச் சட்டத்தைத் தவிர பட்டத்துக்கு வேறு வழி கிடையாது" என்று டிசம்பரில் எழுதினேன். நேற்று ஜார்ஜியாவின் பத்துமியில் பெண்கள் உலகக் கோப்பை இறுதியில் 19 வயது திவ்யா தேஷ்முக் கோனேரு ஹம்பியை வென்று, அந்த வெற்றியாலேயே நேரடியாகக் கிராண்ட்மாஸ்டர் ஆகிவிட்டார், இந்தியாவின் 88ஆவது. போட்டிக்குப் புறப்பட்டபோது அவரிடம் ஒரு நார்ம்கூட இல்லை. சில பெரிய போட்டிகளை வென்றால் நார்ம் தேவையில்லை என்ற விதி முன்பே இருந்திருக்கிறது, எனக்குத்தான் தெரியவில்லை. அவர் நாக்பூர்க்காரர், எல்லையை அதுவரை நீட்ட வேண்டாம்.

3 ஆகஸ்ட் 2025

மகன் இந்தப் பக்கத்தைப் படித்திருக்கிறான். பேத்திதான் காட்டியிருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது சாதாரணமாகச் சொன்னான்: "அது டிரா நிலைன்னு தெரியும்ப்பா. ஆனா அவர்கிட்ட நேரம் கம்மியா இருந்தது. இன்னும் ஐம்பது நகர்த்தல் ஆடியிருந்தா தவறியிருப்பார்னுதான் நினைச்சேன்."

பிறகு ஏன் கை கொடுத்தாய் என்று கேட்டேன்.

"சேரன் எக்ஸ்பிரஸை விட்டா மறுநாள் காலைல நீங்க வேலைக்குப் போக முடியாதே. முந்தின நாள் ராத்திரி லாட்ஜ்ல நோட்டைப் பார்த்து, இனிமே லீவு இல்லைன்னு நீங்கதான் சொன்னீங்க."

நான் சொன்னது எனக்கு நினைவில்லை. நோட்டின் வலப்பக்கத்தில் தேதி இருக்கிறது: சம்பளமில்லா விடுப்பு, ஆறு நாள். ஏழாவது நாள் காலை ஷிப்டு, வருகை.

பேனாவைப் பற்றி அவன் சொன்ன திருத்தத்தையும் பதிந்துவிடுகிறேன். தோற்றால் கையில், வென்றால் பையில் என்பது என் கற்பனையாம். சட்டையில் பை கிழிந்திருந்தால் கையில் வைத்திருப்பானாம்.

10 ஆகஸ்ட் 2025

பயிற்சிக்கு யாரிடம் அனுப்பலாம் என்று கேட்டவர்களுக்கு என்னிடம் பட்டியல் இல்லை. இந்த மாதக் கடைசியில் ஐந்து நாள் ஓபன் போட்டி ஒன்று இருக்கிறது. பேத்தியை அழைத்துப் போகிறேன். எதிர்வீட்டுப் பையனும் வருகிறான். அவனுடைய அப்பாவுக்குத் துறைமுகத்தில் வேலை, அம்மாவுக்குத் துணிக்கடை, இரண்டு பேருக்கும் விடுப்பு கிடைக்காது. அம்மா நேற்று வந்து, "ஐயா, அவன் காலைல இட்லிதான் சாப்பிடுவான், தோசை கொடுத்தா ஆட்டத்துல தூங்கிடுவான்" என்று சொல்லிவிட்டுப் போனார். புதிய நோட்டு ஒன்று வாங்கியிருக்கிறேன். வலப்பக்கத்தில் எழுத ஒன்றும் இல்லாததால் அதில் பையன் ஆட்டங்களை எழுதிக்கொள்ளட்டும் என்று கொடுத்துவிட்டேன்.